கணக்கில் வராத பதினோரு நிமிஷம்

ஆமாம் சார், பதினோரு நிமிஷம் குறையுதுதான்.
மூட்டையை அவிழ்த்து நீங்களே எண்ணிக்கங்க.
இருளாயி, சின்னப்பாலம், பாசி அட்டை நாப்பத்தேழு.
மை டப்பா வேணாம், கையெழுத்தே போடுவேன்.

படகுக்கு ஒண்ணுன்னு நீங்க குடுத்த திருப்பி
டீசல் டேங்குக்குப் பக்கத்துல உக்காந்திருக்கு.
தேங்கா தண்டி பித்தளை, ஒரு கைப்பிடி,
ஒரு நடைக்கு ஒரே சுத்து.
வலை அறுந்தா, எல்லைக்கிட்ட வெளிச்சம் கண்டா
சுத்துவாங்க.
பதினோரு நிமிஷம் பின்னால போய் நிக்கும் படகு.
என்ன நடந்துச்சுன்னு ஒருத்தனுக்கும் நெனப்பிருக்காது.
கைப்பிடியைத் தொட்டுப் பாத்து
சூடா இருந்தா
"ஏதோ நடந்திருக்குடா" ம்பாங்க,
வேற தெசைக்குத் திருப்புவாங்க.

கழிச்சுப் போட்ட நிமிஷம் எங்க போவும்னு
மானிய பாரத்துல ஒரு கட்டமும் இல்ல.
கடல் எதையும் வச்சுக்காது சார்.
ஒத்தைச் செருப்பு, மாத்திரை அட்டை, பொம்மைக் கை,
அதுகளோட அதுவும் ஒதுங்குது
குருசடைத் தீவுக்குத் தெக்க, பாருல,
மரிக்கொழுந்துப் பாசியில சிக்கி.
கண்ணுக்குத் தெரியாது.
நுங்கை அமுக்குன மாதிரி வெரல்ல ஒரு வழுவழுப்பு,
அம்புட்டுத்தான்.
உள்ள தலையை விட்டா மூச்சு முட்டாது.

மொதல்ல கண்டவ பஞ்சவர்ணம்.
கால்ல கட்டுன அலுமினியத் தட்டோட
ஒரே முங்குல ரெண்டு சாக்கு பாசி.
மேல வந்து தண்ணியத் துப்பிட்டு
"கீழ எவனோ எறாலுக்கு வெலை பேசுறாண்டி"ன்னா.
அன்னைக்குப் பூரா சிரிச்சோம்.
அப்பறம்தான் நீங்க தராசோட வந்தீங்க,
நிமிஷத்துக்கு நாலு ரூவா,
உருக்கித் திரும்பத் திருப்பியில ஊத்தணும்னு.

கச்சான் ஓஞ்ச வாரம்.
நான் தலைய விட்ட நிமிஷத்துல
இன்னாசியோட இஞ்சின் ஓடுது, எனக்கு அந்த இருமல் தெரியும்.
வலை ஏறுற சத்தம்.
"கயிறு, டேய், கயிறு."
அப்பறம் ஒரு சத்தம். அத நான் எழுதித் தரமாட்டேன்.
அப்பறம் களஞ்சியம்
அம்மாவைக் கூப்புடல,
"அண்ணே, என் போன் நனைஞ்சுருச்சு"ன்னான்.
ரெண்டு தடவை சொன்னான்.
மூணாவது தடவை சொல்ல வந்தது
பாதியில நின்னுச்சு.
மிச்சமெல்லாம் இன்னாசி
கைப்பிடியத் தேடித் தடவுறது.

சாயங்காலம் பாம்பன் ரோட்டுல பாக்குறேன்,
பரோட்டாவப் பிச்சுக்கிட்டு
சால்னா பத்தலைன்னு கடைக்காரரோட சண்டை போட்டுக்கிட்டு இருக்கான்,
பத்தொம்பது வயசு, ரெண்டு கையும் எண்ணெய்.
"என்னக்கா அப்பிடிப் பாக்குறே,
கடன் கிடன் தரணுமா?"
"ஒண்ணுமில்லடா. மூஞ்சியத் தொட."

இன்னாசிகிட்ட நான் சொல்லல.
ஆனா அவன் இப்பல்லாம்
களஞ்சியத்த வின்ச்சுப் பக்கம் விடமாட்டேங்குறான்.
ஏன்னு கேட்டா அவனுக்கே தெரியல,
உள்ளங்கையத் தொடச்சுக்குறான்.

அத உருக்குனா எந்தப் படகுல ஏறும் சார்?
தெரியாதுன்னு தலையாட்டுறீங்க.
எனக்கும் தெரியாது.
எடம் தெரியாத எடத்துல
அந்தப் புள்ளையோட சாவைக் கொண்டுபோய் வைக்க
என்னால ஆகாது.

வீட்டுல தேடாதீங்க, இல்ல.
தீவுலயும் தேடாதீங்க,
கல்லு கட்டத் தெரிஞ்ச பொம்பளை நான்.
நாப்பத்தி நாலு ரூவாயப் புடிச்சுக்கங்க,
தண்டம் எவ்வளவோ அதையும் எழுதிக்கங்க.
மிச்சத்தச் சில்லறையாக் குடுத்தா
ஏழரை பஸ்ஸுக்குப் போயிருவேன்.